மன்றம் தேடும் இளைஞர்

தமிழில் மன்றம் என்னும் சொல் மிகப் பழையது. ஊர் நடுவே, பெருமரத்தின் நிழலில், எல்லார்க்கும் பொதுவாக விளங்கிய இடத்தையே பண்டைத் தமிழர் மன்றம் என்றனர். பொதியில் என்பதும் ஏறக்குறைய அதனையே குறிக்கும். ஊரார் கூடுவதும், வழக்கு ஆராய்வதும், ஆடிப் பாடுவதும், தெய்வம் பரவுவதும் அவ்விடத்தேயாம். முருகன் உறையும் இடங்களை அடுக்கிக் கூறும் திருமுருகாற்றுப்படை, மன்றத்தையும் பொதியிலையும் அவற்றுள் வைத்து எண்ணுகிறது. நாளடைவில் இடத்தின் பெயர் அங்குக் கூடும் மக்கட்கு ஆயிற்று. இன்று மன்றம் என்றவுடன் சங்கம், கழகம் என்னும் பொருளே முதற்கண் தோன்றுகிறது. இலக்கணம் இதனை இடவாகுபெயர் என்னும்.

இடம் முந்தியது, கூட்டம் பிந்தியது. இச்சிறிய உண்மையை மனத்திற்கொண்டு பார்த்தால், மலேசியத் தமிழ் இளைஞரின் வாழ்க்கைப் போக்கில் புதிராகத் தோன்றும் பலவும் விளங்கும். உறுமி மேளத்தின் பின்னே திரள்கின்றனர்; நள்ளிரவு கடந்தும் தேநீர்க் கடையில் அமர்ந்திருக்கின்றனர்; மூன்று மொழிகளைக் கலந்து பேசுகின்றனர்; விரைந்து உரைக்கும் சொல்லிசையைப் பாட்டு என்கின்றனர்; இவை இளைஞர்மீது முதியோர் கூறும் குறைகள். இக்குறைகளில் உண்மை சிறிதும் இல்லை என்று கூறுவதற்கில்லை. ஆயினும், இளைஞர் மாறுவதற்கு முன்னரே அவர்கள் கூடிய இடம் மாறிவிட்டது என்பதை முதியோர் பலர் எண்ணிப் பார்ப்பதில்லை.

தோட்டத்துத் திடல்

சிலாங்கூர் மாநிலத்தில் உலு லங்காட் மாவட்டத்தைச் சேர்ந்த ஊர் செமினி. கோலாலம்பூருக்குத் தென்கிழக்கே, காஜாங் நகரை அடுத்து அமைந்துள்ளது. கிள்ளான் பள்ளத்தாக்கின் ஏனைய ஊர்களைப் போன்றே இதன் சுற்றுப்புறமும் ஒருகாலத்தில் கித்தாத் தோட்டங்களால் சூழப்பெற்றிருந்தது. ரப்பரை மலாயாத் தமிழர் கித்தா என்றே வழங்குவர். பிசின் எனப் பொருள்படும் கெத்தா என்னும் மலாய்ச் சொல் தமிழ்நாவில் அவ்வாறு உருமாறியது. செமினி, ரிஞ்சிங், டொமினியன் என்னும் தோட்டங்களின் பெயர்கள் இவ்வட்டாரத் தமிழ்ப்பள்ளிகளின் பெயர்களில் இன்றும் நிலைத்துள்ளன.

தோட்டத்து வாழ்வு இன்பமானது என்று எண்ணிவிடலாகாது. விடியுமுன் பெரட்டுக் களத்தில் நின்று பெயர் கொடுத்தல், குறைந்த கூலி, தண்டலின் அதட்டல், ஒற்றைச் சுவரால் பிரிக்கப்பட்ட லயத்து வீடு, மாலையில் கள்ளுக்கடை என்பனவே அவ்வாழ்வின் அடிப்படை. ஆயின், அவ்வாழ்வில் இளைஞனுக்கு ஒன்று குறைவின்றிக் கிடைத்தது. அதுதான் பொது இடம். பால் வெட்டு நண்பகலை ஒட்டி முடிந்துவிடும். மாலையில் திடலில் பந்தாட்டம் நடைபெறும். திடலை அடுத்துக் கோயில். கோயிலை அடுத்துத் தமிழ்ப்பள்ளி. சம்பள நாளையொட்டித் திறந்த வெளியில் திரை கட்டிப் படம் காட்டுவர். திருவிழாக் காலத்தில் அதே இடத்தில் கூத்தும் நாடகமும் தீமிதியும் நிகழும். ஒருவன் வளர்வதையும், வழி தவறுவதையும், திருந்துவதையும் ஊரே பார்த்துக்கொண்டிருந்தது. பண்டை நூல்கள் கூறும் மன்றத்தின் இயல்பு இதுவே.

அக்களத்திலிருந்தே இளைஞர் இயக்கங்கள் பல தோன்றின. உலகப்போர் முடிந்தபின் கெடா மாநிலத்துத் தோட்டங்களில் எழுந்த தொண்டர் படை கள்ளுக்கடைகளை எதிர்த்து மறியல் செய்தது. 1929 இறுதியிலும் 1954 இறுதியிலும் பெரியார் மலாயாவிற்கு வந்தமை சீர்திருத்த உணர்வை வளர்த்தது. 1952-இல் கோ. சாரங்கபாணி தமிழர் திருநாளைத் தொடங்கி வைத்தார். அவர் நடத்திய தமிழ் முரசு, மாணவர் மணிமன்றம் என்னும் பெயரால் இளையோரை எழுதத் தூண்டியது. தமிழ் நேசன் 1950–51-இல் சுப. நாராயணன், பைரோஜி நாராயணன் ஆகியோரைக் கொண்டு கதை வகுப்பு ஒன்றை நடத்திற்று. பின்னர் நாடெங்கும் தமிழ் இளைஞர் மணிமன்றங்கள் கிளைத்தன. பேச்சுப் போட்டி, நாடகம், நூலகம், பந்தாட்டம் ஆகியவை அவற்றின் பணிகளாயின. இளைஞர் இயக்கத்திற்கு மன்றம் என்ற பெயரே பொருந்தியது தற்செயலன்று. அவர்கள் கூடுவதற்குத் திடல் முன்னரே இருந்தது. மணிமன்றம் அதற்கு ஒரு குறிக்கோளைக் கொடுத்தது.

தோட்டம் தாமான் ஆயிற்று

1957-இல் நாடு விடுதலை பெறுவதற்குச் சற்று முன்னும் பின்னும், வெள்ளையர் நிறுவனங்கள் பல தம் தோட்டங்களைத் துண்டு துண்டாக விற்கத் தொடங்கின. தொழிலாளர் வேலையோடு வீட்டையும் இழந்தனர். ஏனெனில் வீடு அவர்களுடையதன்று, தோட்டத்தினுடையது. இந்நிலையைக் கண்டு வீ. தி. சம்பந்தன் 1960-இல் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தை அமைத்து, தொழிலாளரின் சிறுசேமிப்பைக் கொண்டே தோட்டங்களை வாங்க வழி செய்தார். அது அரிய முயற்சி. ஆயினும் வெள்ளத்தை முழுதும் அணைபோட்டு நிறுத்த அதனால் இயலவில்லை. கித்தாவின் இடத்தைச் செம்பனை பற்றியது. 1980-களிலும் 1990-களிலும் நகரம் விரிந்தபோது, கிள்ளான் பள்ளத்தாக்கின் செம்பனைக் காடுகளும் வீடமைப்புப் பகுதிகளாயின. அவற்றை மலாயில் தாமான் என்பர்.

செமினியில் இம்மாற்றம் கண்கூடு. நாட்டிங்ஹாம் பல்கலைக்கழகத்தின் மலேசிய வளாகம் 2005-இல் இங்கு வந்தது. 2017-இல் காஜாங் வரையில் விரைவு இரயில் ஓடத் தொடங்கியது. தோட்டங்கள் இருந்த வட்டாரத்தில் புதிய குடியிருப்பு நகரங்கள் எழுந்துள்ளன. விடுமுறை நாட்களில் புரோகாக் குன்றில் ஏறிக் கதிரவன் எழுவதைக் காண இளைஞர் பலர் தலைநகரிலிருந்து வருகின்றனர். பாட்டன் பால் வெட்டிய வட்டாரத்திலேயே பேரன் பட்டம் பயிலவும், படம் பிடிக்கவும் கூடிய காலம் இது. இது வளர்ச்சியே. ஆனால், இவ்வளர்ச்சியில் எல்லார்க்கும் பங்கு கிட்டவில்லை.

தோட்டத்தை விட்டு வெளியேறியோருள் பலர் புறம்போக்கு நிலத்துக் குடிசைகளிலும், பின்னர் மலிவு விலை அடுக்குமாடி வீடுகளிலும் குடியேறினர். அங்குத் திடல் இல்லை. கோயில் தொலைவில் இருந்தது. அண்டை வீட்டார் அறியாதவர். தந்தையும் தாயும் தொழிற்சாலையில் முறைவேலை செய்தனர். பிள்ளைக்குத் தெருமுனையே மன்றமாயிற்று. அத்தெருமுனையில் முன்னரே காத்திருந்தவர் யார் என்பதே வினா. 2013 ஆகஸ்டில் உள்துறை அமைச்சு 49 குண்டர் குழுக்களைச் சட்டத்திற்குப் புறம்பானவை என அறிவித்தது. அவற்றின் உறுப்பினருள் பெரும்பாலோர் இந்தியர் என்பதும் அப்போது வெளிப்பட்டது. மக்கள்தொகையில் நூற்றுக்கு ஏழு பேர் அளவேயான ஓர் இனத்தைப் பற்றிய செய்தி இது. சஞ்சை குமார் பெருமாள் இயக்கிய ஜகாட் என்னும் மலேசியத் தமிழ்த் திரைப்படம் (2015) இக்கதையையே பேசுகிறது. தோட்டத்தினின்றும் பெயர்ந்த ஒரு குடும்பத்துச் சிறுவன் மெல்ல மெல்லத் தெருவின் பிடிக்குள் செல்வதை அது காட்டிற்று. 2016-இல் மலேசியத் திரைப்பட விழாவின் உயரிய விருதினையும் பெற்றது. கெட்டது எனப் பொருள்படும் ஜஹாட் என்னும் மலாய்ச் சொல்லைத் தமிழர் வழங்கும் விதமே அப்படத்தின் பெயர். பிள்ளையைக் கெட்டவன் என்பது எளிது. அவன் நின்ற இடத்தைக் கேட்பது அரிது.

இடத்தை இழந்த இளைஞர் வாளா இருந்துவிடவில்லை. தமக்குரிய மன்றங்களைத் தாமே அமைக்க முற்பட்டனர். அவற்றுள் இரண்டு தனித்து ஆராயத்தக்கன. ஒன்று உறுமி, மற்றொன்று சொல்லிசை.

உறுமி மேளம்

உறுமி இருமுகத் தோற்கருவி, நடுவே ஒடுங்கியது. ஒரு முகத்தைக் கோலால் அடிப்பர். மறுமுகத்தை வளைந்த கோலால் தேய்ப்பர். தேய்க்கும்போது விலங்கு உறுமுவது போன்ற ஒலி எழுவதால் உறுமி எனப்பட்டது. தமிழகத்தில் இது நாட்டார் தெய்வ வழிபாட்டிற்கும் ஊர்ச் சடங்குகளுக்கும் உரிய கருவி. தோட்டத்துத் தமிழர் இதனை மலாயாவிற்குக் கொணர்ந்தனர். முனீசுவரர், மதுரைவீரன், காளியம்மன் கோயில்களில் அருள்வாக்கு எழுவதற்கு இதன் ஒலி இன்றியமையாததாயிற்று.

தோட்டங்கள் அழிந்தபோது உறுமியும் அழிந்திருக்க வேண்டும். மாறாக, அது நகரத்தில் பெருகியது. பத்துமலைத் தைப்பூசத்தில் காவடிக்கு முன்னே செல்லும் குழுக்களைக் கண்டோர் இதனை அறிவர். ஒரே நிறச் சட்டை அணிந்த இளைஞர் பத்துப் பதினைந்து பேர் உறுமியும் பம்பையும் தவிலும் முழக்கிக்கொண்டு வருவர். ஒருவர் பாட, ஏனையோர் தொடர்ந்து பாடுவர். இவர்களுட் பலர் இசைப் பள்ளியில் பயிலாதவர். மூத்த வாசிப்போரைக் கண்டும் கேட்டும் கற்றவர். வார இறுதியில் பயிற்சி, கருவிக்குத் தோல் மாற்றப் பணம் திரட்டல், எந்தக் கோயிலுக்கு எந்நாள் செல்வது என்னும் ஏற்பாடு, குழுவிற்குள் மூத்தவர் இளையவர் என்னும் ஒழுங்கு ஆகிய இவையெல்லாம் அவர்கள் தாமே வகுத்துக்கொண்டவை.

குறைகளும் உள. திரைப்பாட்டின் மெட்டில் பக்திச் சொற்களைப் பெய்து பாடுவதும், வழிபாட்டிற்கு ஒவ்வாத ஆட்டமும், குழுக்களுக்கிடையே போட்டியும் கண்டிக்கப்படுகின்றன. 1965-இல் தோன்றிய மலேசிய இந்து சங்கம் தைப்பூச ஒழுங்கு பற்றிய நெறிமுறைகளை வெளியிட்டு வந்துள்ளது. ஒழுங்கு வேண்டற்பாலதே. ஆயினும், வீட்டாரும் பள்ளியும் கைவிட்ட சிறுவன் ஒருவன், தாளம் தவறாமல் ஒரு மணி நேரம் பிறரோடு இணைந்து வாசிக்கக் கற்றுக்கொள்கிறான் என்றால், அவன் பெற்றது இசை மட்டுமன்று. அவன் பெற்றது ஒரு மன்றம். பண்டைத் தமிழன் மன்றத்திலே கண்ட முருகனை இவன் மேளத்தின் நடுவே காண்கிறான்.

சொல்லிசை

அமெரிக்க நகரங்களில் கருப்பின இளைஞர் 1970-களில் வளர்த்த ராப் என்னும் கலையைத் தமிழர் சொல்லிசை என்பர். பெயர் பொருத்தமானது, இதில் பண்ணைவிடச் சொல்லின் நடையே சிறந்து நிற்கிறது. மலேசியாவில் இதனைப் பரப்பியோருள் பொயட்டிக் அம்மோ குழுவினர் குறிப்பிடத்தக்கவர். 1998-இல் வெளிவந்த அவர்களுடைய முதல் இசைத்தொகுப்பில் ஆங்கிலத்தோடு மலாயும் தமிழும் காண்டோனியமும் இடம்பெற்றன. அக்குழுவைச் சேர்ந்த யோகி பி, பின்னர் நட்சத்ரா என்னும் பெயரில் டாக்டர் பர்ன், எம்சி ஜெஸ் ஆகியோருடன் சேர்ந்து 2006-இல் வல்லவன் என்னும் முழுத் தமிழ்த் தொகுப்பை வெளியிட்டார். 1980-இல் வந்த நிழல்கள் படத்தில் இளையராஜா அமைத்த ஒரு பாடலை அடியாகக் கொண்டு அவர்கள் ஆக்கிய பாடல் தமிழகத்திலும் பரவியது. கலை பெரும்பாலும் தமிழகத்திலிருந்து மலேசியாவிற்கு வருவதே வழக்கம். இங்கு அது எதிர்த்திசையில் சென்றது.

தமிழாசிரியர் இதில் கருத வேண்டிய செய்தி ஒன்று உண்டு. சொல்லிசை முற்றிலும் ஒலியொப்புமையை நம்பி நிற்பது. அடிதோறும் இரண்டாம் எழுத்து ஒன்றுவது எதுகை. முதலெழுத்து ஒன்றுவது மோனை. இறுதி ஒன்றுவது இயைபு. ஆங்கிலச் சொல்லிசை பெரிதும் இயைபையே சார்ந்தது. தமிழிலோ எதுகையும் மோனையும் முன்னின்று அடிக்கு விசையூட்டுகின்றன. தமிழ்ப்பள்ளியில் செய்யுளும் மொழியணியும் என்னும் பகுதியில் ஆத்திசூடியும் திருக்குறளும் இரட்டைக்கிளவியும் மனனம் செய்த பிள்ளைக்கு இவ்விசைக்கு வேண்டிய கருவி முன்னரே கைவந்துள்ளது. தேர்வுக்காகப் படித்த அந்தப் பகுதி, தேர்வு முடிந்த பின்னும் அவன் வாயில் வாழ்கிறது. இலக்கணம் கற்பித்த ஆசிரியருக்கு இதைவிட வேறு மகிழ்ச்சி யாது?

இத்தகைய கலப்பு தமிழர்க்கே உரியதன்று. மலேசியாவோடு கடலாலும் மொழியாலும் நெருங்கிய இந்தோனேசியாவிலும் இதனைக் காணலாம். அங்கு டங்டுட் என்னும் இசைவகை பெருவழக்காக உள்ளது. மலாய் இசையோடு இந்தித் திரையிசையும் அராபிய இசையும் கலந்து பிறந்தது அது. தபேலா போன்ற முழவின் ஒலியைக் கொண்டே அப்பெயர் எழுந்தது. 1970-களில் ரோமா இராமா அதனை மின்கித்தாரோடு இணைத்து இளைஞரிடையே பரப்பினார். கற்றோர் அதனைச் சேரிப்பாட்டு என்று முதலில் ஒதுக்கினர். இன்று அது நாட்டின் இசையாகப் போற்றப்படுகிறது. ஓர் இளந்தலைமுறை அயலிலிருந்து பெற்றதைத் தன்னதாக்கிக் கொள்வதும், முதியோர் அதனை முதலில் இகழ்ந்து பின்னர் ஏற்பதும் உலகெங்கும் உள்ள வழக்கமே.

குந்தும் இடமும் கூடும் இடமும்

இந்தோனேசிய இளைஞர் வாழ்வில் நொங்குரோங் என்பதற்குப் பெரிய இடம் உண்டு. குந்தியிருத்தல் என்பது அதன் நேர்பொருள். நண்பரோடு வேலையின்றி அமர்ந்து உரையாடுதல் என்பது வழக்குப்பொருள். மலேசியாவில் இதனையே லெப்பாக் என்பர். 1990-களில் லெப்பாக் சமூகக் கேடு என்று பேசப்பட்டது. 1994-இல் அரசு ராக்கான் மூடா என்னும் இளைஞர் திட்டத்தைத் தொடங்கியதும் அக்கவலையின் சூழலிலேயே. தமிழில் இதற்குத் தனிச்சொல் தேட வேண்டியதில்லை. திண்ணை இருந்த காலத்தில் அது குற்றமாகக் கருதப்படவில்லை.

கிள்ளான் பள்ளத்தாக்கில் இன்றைய திண்ணை மாமாக் கடை. தமிழ் முஸ்லிம்கள் நடத்தும் உணவுக்கடைக்கு அப்பெயர். தமிழின் மாமா என்னும் உறவுப்பெயரே அச்சொல்லின் வேர் என்பர். ரொட்டி சானாயும் தே தாரிக்கும் அருந்திக்கொண்டு, பெருந்திரையில் பந்தாட்டம் கண்டவாறு, மலாய்க்காரரும் சீனரும் தமிழரும் ஒரே கூரையின்கீழ் அமர்ந்திருப்பர். மூவினத்தாரும் மனத்தடையின்றிக் கூடும் இடங்கள் மிகுதியாக இல்லாத நாட்டில், ஓர் உறவுமுறைச் சொல்லால் அழைக்கப்படும் தமிழர் கடை அதற்கு இடம் தந்திருப்பது எண்ணத்தக்கது.

அங்குப் பேசப்படும் மொழியோ கலப்புமொழி. தமிழ் வாக்கியத்தில் மலாய்ச் சொல்லும் ஆங்கிலச் சொல்லும் கலந்து, இறுதியில் லா என்னும் ஒட்டும் சேரும். இதனைக் கேட்டு மனம் வருந்துவோர் உளர். ஆனால் கித்தாவும், சிற்றூரைக் குறிக்கும் கம்பமும், சந்தையைக் குறிக்கும் பாசாரும் பாட்டன்மார் எடுத்துக்கொண்ட சொற்களே. கலப்பு இருப்பதால் மட்டும் மொழி மடிவதில்லை. பேசுவதற்குக் களம் இல்லாதபோதே மடிகிறது. இந்தோனேசிய வரலாறும் இதற்குச் சான்று. 1928 அக்டோபர் 28-இல் பல தீவுகளைச் சேர்ந்த இளைஞர் பத்தாவியாவில் ஒரு மாநாட்டில் கூடி, ஒரே தாயகம், ஒரே இனம், ஒன்றிணைக்கும் ஒரு மொழி என உறுதி மொழிந்தனர். பெருந்தொகையினரின் சாவக மொழியை விடுத்து, துறைமுகங்களில் பலரும் கலந்து பேசிய மலாயையே அவர்கள் இந்தோனேசிய மொழி என்றனர். ஒரு நாட்டின் மொழியை இளைஞர் கூட்டம் ஒன்று தேர்ந்தது. இன்று அதே நகரின் தென்பகுதி இளைஞர் ஆங்கிலம் கலந்து பேசுவதை அங்குள்ள மூத்தோர் நகையாடுகின்றனர். ஆயினும் அம்மொழிக்குப் பள்ளியும் அலுவலகமும் கடைத்தெருவும் களங்களாக இருப்பதால் அதற்கு அச்சமில்லை.

மலேசியத் தமிழுக்கு அத்தகைய பாதுகாப்பு இல்லை. விடுதலைக் காலத்தில் எண்ணூறுக்கு மேற்பட்டிருந்த தமிழ்ப்பள்ளிகள் இன்று ஐந்நூற்றுச் சொச்சமே. ஆறாம் ஆண்டுடன் தமிழ்வழிக் கல்வி முடிகிறது. இடைநிலைப்பள்ளியில் தமிழ் ஒரு பாடமாக மட்டுமே நிற்கிறது; விரும்பாதவர் விட்டுவிடலாம். பதின்மூன்றாம் அகவையில், இளமை தொடங்கும் அதே வேளையில், தமிழின் களம் சுருங்குகிறது. அவ்விடைவெளியை இன்று நிரப்புவன உறுமியும் சொல்லிசையும், வானொலியும் கைப்பேசித் திரையுமே.

இங்கு மற்றொரு குறையையும் மறைத்தலாகாது. திடலும், மேளமும், நள்ளிரவுக் கடையும் பெரும்பாலும் ஆண்களின் மன்றங்கள். பெண்பிள்ளைக்குக் கிடைப்பவை நடன வகுப்பும், கோயிலும், தனிப்பயிற்சி நிலையமுமே. பிரிக்பீல்ட்ஸில் உள்ள நுண்கலை ஆலயம் 1981 முதலும், டாக்டர் தம்பிராஜா நிறுவிய ஸ்ரீ முருகன் கல்வி நிலையம் 1982 முதலும் ஆற்றிய பணி இவ்வகையில் பெரிது. பயிற்சியும் குறிக்கோளும் உள்ள இடத்தில் ஆணும் பெண்ணும் ஒருங்கே உயர்ந்தனர் என்பதை அவை காட்டின. ஆனால் கலை வகுப்பும் தேர்வு வகுப்பும் மன்றத்தின் வேலையை முழுதும் செய்துவிடா. தேர்வில்லாமல், கட்டணமில்லாமல், வெறுமனே கூடியிருக்கவும் இளமைக்கு இடம் வேண்டும்.

ஆசிரியர் கையில் உள்ளது

தோட்டங்கள் திரும்பி வரா, வரவேண்டுவதுமில்லை. ஆயினும் அவற்றின் எச்சம் ஒன்று நிற்கிறது. செமினியைச் சுற்றியுள்ள தமிழ்ப்பள்ளிகளின் பெயரில் தோட்டம் என்னும் சொல் இன்னும் இருக்கிறது. கோயிலும் லயமும் கள்ளுக்கடையும் போன பின்னும், பழைய பொது வாழ்வின் ஒரு மூலையாகப் பள்ளி எஞ்சியுள்ளது. பிற்பகலில் அதன் வாயில் அடைபடுகிறது. அவ்வாயில் வாரத்தில் ஓரிரு மாலைகளேனும் முன்னாள் மாணவர்க்குத் திறக்குமாயின், பந்தாட்டத்திற்கும் உறுமிப் பயிற்சிக்கும் பெண்பிள்ளைகளின் கலைக்கும் இடம் தருமாயின், பதின்மூன்று அகவையோடு தமிழை விட்டுப் பிரியும் பிள்ளை மீண்டும் தமிழ் பேசும் ஒரு கூட்டத்தைக் காண்பான். பெற்றோர் ஆசிரியர் சங்கமும் பள்ளி வாரியமும் மனம் வைத்தால் இது இயலாததன்று.

வகுப்பறையிலும் ஆசிரியர் செய்யத்தக்கன உள. சொல்லிசை அடியொன்றில் எதுகை, மோனைகளைக் கண்டுபிடிக்கச் செய்யலாம். பாட்டியிடம் கேட்டுத் தோட்டத்துச் சொற்களைத் தொகுத்துவரச் சொல்லலாம். கித்தா, பெரட்டு, லயம், கம்பம் என்பன எம்மொழியிலிருந்து எவ்வாறு வந்தன என ஆராயச் செய்யலாம். தான் பேசும் தமிழுக்கும் ஒரு வரலாறு உண்டு என்று அறிந்த மாணவன் அதனை எளிதில் கைவிடான்.

1950-களில் மணிமன்றம் கண்டவர்கள், திடலில் பந்தாடிக்கொண்டிருந்த இளைஞரை இகழவில்லை. அவர்கள் இருந்த இடத்திற்கே நூலையும் மேடையையும் கொண்டு சென்றனர். இன்றைய இளைஞர் உறுமியையும் சொல்லிசையையும் தாமே ஆக்கிக்கொண்டு காத்திருக்கின்றனர். அவர்களை மீண்டும் தோட்டத்திற்கு அழைக்க வேண்டுவதில்லை. அவர்கள் கூடியுள்ள இடத்திற்குத் தமிழாசிரியர் ஒருமுறை சென்று அமர்ந்தால் போதும், அவ்விடமே மன்றமாகும்.